கோலாலம்பூர் பெட்ரோனாஸ் இரட்டைக் கோபுரத்துக்கு ஏன் அவ்வளவு ஆழமான அடித்தளம்?

சுங்கை சிப்புட் தோட்டத்துத் தம்பி ஒருவர் கேட்ட கேள்வி இது. காரணம் சுண்ணாம்புப் பாறைதான், தம்பி. நம்ம ஊர்ப் பக்கத்துக் குன்றுகளில் குகைகள் பார்த்திருப்பீர்கள். மழைநீர் கல்லைக் கரைத்ததால் வந்தவை. கோலாலம்பூரில் கோபுரத்துக்குக் கீழேயும் அதே கதை. முதலில் குறித்த இடத்தில் ஒரு பக்கம் பாறை மேலாகவும் மறுபக்கம் மிக ஆழத்திலும் இருந்தது. அப்படியே கட்டியிருந்தால் கோபுரம் ஒரு பக்கமாக இறங்கியிருக்கும். அதனால் ஏறக்குறைய 60 மீட்டர் தள்ளி இடத்தையே மாற்றினார்கள். அங்கே பாறையில் ஊன்றாமல், சுற்றியுள்ள மண்ணின் பிடிமானத்தில் நிற்கும் கான்கிரீட் தூண்களை, சில இடங்களில் 100 மீட்டருக்கும் அதிகமான ஆழத்துக்கு இறக்கினார்கள். அவற்றின் மேல் 4.5 மீட்டர் தடிமனில் கான்கிரீட் தளம். 452 மீட்டர் உயரத்தைத்தான் எல்லோரும் பேசுகிறோம். எனக்கோ, இடத்தை மாற்றிய அந்த முடிவுதான் பெரிய துணிச்சல். அப்புறம், 41, 42-ஆம் மாடிகளில் இரு கோபுரங்களையும் இணைக்கும் பாலமும் இறுக்கிப் பூட்டப்படவில்லை. காற்றில் கோபுரங்கள் அசையும்போது நகர்ந்துகொடுக்கும்.