நித்திரை வரும்தான்

கேள்வி: மூன்று கிழமையாக இருமல். பாமசியில் வாங்கிய இருமல் பாணியோடு இரவில் கொஞ்சம் சாராயமும் எடுத்தால் நல்ல நித்திரை வருகிறது. இதில் ஏதும் பிழை உண்டா?
- வாசகர் ஒருவர், கொட்டாஞ்சேனை

பதில்: நித்திரை வரும்தான். எனக்குப் பயமே அந்த நித்திரையில்தான். இருமல் பாணிகள் பலவற்றில் குளோர்ஃபெனிரமின் போன்ற தூக்கம் வரவைக்கும் ஒவ்வாமை மருந்து இருக்கும். சிலவற்றில் டெக்ஸ்ட்ரோமெத்தார்பன், சிலவற்றில் கோடீன். எல்லாம் மூளையை மந்தமாக்குபவை. சாராயத்தின் வேலையும் அதுவே. கோடீனில் ஒரு பகுதி ஈரலில் மோர்பினாக மாறும், அது மூச்சைக் குறைக்கும். அதன்மேல் மதுவும் சேர்ந்தால் மூச்சு குறைந்துகொண்டே போய் நின்றும் விடலாம். படுத்த இடத்தில் வாந்தி வந்தால் மூச்சுக்குழாய்க்குள் போகாமல் தடுப்பது இருமல்தான். நீங்களோ அந்த இருமலையே அடக்கிவிட்டுப் படுக்கிறீர்கள்! வீட்டில் யாராவது இப்படிக் குடித்துவிட்டுத் தட்டியும் எழும்பாமல் கிடந்தால், ‘தூங்கட்டும்’ என்று விடாதீர்கள். ஒருக்களித்துப் படுக்க வைத்து 1990 என்ற அம்புலன்ஸ் இலக்கத்துக்கு அழையுங்கள்.

தடிமனுக்கு பிராந்தி நல்லது என்று சொல்லும் பெரியவர்கள் கொழும்பில் இன்னும் இருக்கிறார்கள். அவர்களிடம் பனடோல், அதாவது பரசிற்றமோல், கணக்கையும் சொல்லுங்கள். ஆரோக்கியமான பெரியவருக்கே 24 மணி நேரத்தில் 4 கிராம்தான் எல்லை, அதாவது 500 மில்லிகிராம் குளிசை எட்டு. சில தடிமன் பாணிகளிலும் அதே பரசிற்றமோல் இருக்கிறது. தினமும் குடிப்பவரின் ஈரல் அந்த எட்டையே தாங்காமல் போகலாம்.

இதையெல்லாம் போத்தலே சொல்லியிருக்க வேண்டும். சொல்கிறதுதான், ஆங்கிலத்தில், பொடி எழுத்தில். 1987இல் 13ஆவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. ஆனால் மருந்துப் போத்தலில் எச்சரிக்கையைத் தமிழில் தேடினால் பெரும்பாலும் ஏமாற்றம்தான். இதைப் பல தடவை எழுதிவிட்டேன், இனியும் எழுதுவேன். முன்பு எழுதியபோது ஒரு பாமசிக்காரர், வருகிற ஒவ்வொருவருக்கும் விளக்க நேரமில்லை என்று கோபித்துக் கடிதம் போட்டார். ஐயா, விளக்கம் வேண்டாம். ‘குடியோடு எடுக்காதீங்க’ என்று போத்தலைக் கொடுக்கும்போது சொல்ல எவ்வளவு நேரம் பிடிக்கும்? வெள்ளவத்தையில் நாலு எட்டுக்கு ஒரு பாமசி. அத்தனை பேரும் இதைச் சொன்னால் இந்தக் கேள்வி என் மேசைக்கு வந்திருக்காது.

சரி, நீங்கள் கேட்காததற்கு வருகிறேன். மூன்று கிழமை இருமல் என்கிறீர்கள். இரண்டு கிழமையைத் தாண்டிய இருமலுக்குச் சளிப் பரிசோதனை செய்ய வேண்டும், காசநோயா என்று பார்க்க. அரசாங்க மார்பு நோய்ச் சிகிச்சை நிலையங்களில் இலவசமாகவே செய்கிறார்கள். காசநோயாகவே இருந்தாலும் பெரும்பாலானோருக்கு ஆறு மாத மருந்தில் குணமாகிறது, அந்த மருந்தும் இலவசம். இன்றிரவு சாராயத்தைத் தொடாமல் காலையில் போங்கள். பாணிப் போத்தலையும் கையோடு கொண்டுபோய் டொக்டரிடம் காட்டுங்கள்.