வாசகர் கேள்வி – பதில்: கிரான்போர் கடற்போரும் மாயேபூர் அருங்காட்சியகமும்

கேள்வி: பள்ளி விடுமுறையில் மாயேபூர் அருங்காட்சியகத்துக்குப் பிள்ளைகளை அழைத்துச் சென்றிருந்தேன். 1810இல் கிரான்போர் விரிகுடாவில் பிரெஞ்சுக்காரர்கள் வென்றார்கள் என்றால், அதே ஆண்டு நம் மொரீஷியஸ் தீவு எப்படி ஆங்கிலேயர் கைக்குப் போயிற்று என்று மகன் கேட்டான். விளக்க வேண்டுகிறேன்.
(ஒரு வாசகி, ரோஸ் பெல்)

பதில்: தங்கள் மகன் கேட்டிருப்பது வரலாற்றின் முடிச்சையே தொடும் கேள்வி. ஆகஸ்டு மாதத்தில் ஆங்கிலேயரைத் தோற்கடித்ததில் பிரெஞ்சுப் பீரங்கிகளுக்கு எவ்வளவு பங்கு உண்டோ, அவ்வளவு பங்கு விரிகுடாவின் பவளப்பாறைகளுக்கும் உண்டு. கால்வாயின் வழி காட்டும் அடையாளங்களைப் பிரெஞ்சுத் தளபதி துப்பெரே அகற்றிவிட்டிருந்தார். தாக்க வந்த நான்கு ஆங்கிலப் போர்க்கப்பல்களில் 'சிரியஸ்', 'மாஜிசியன்' ஆகிய இரண்டும் பாறையில் தட்டி நின்றுவிட, மீட்க வழியில்லாமல் அவற்றின் மாலுமிகளே தீ வைத்தனர்.

திட்டமிட்ட இடத்தை அடைந்து நங்கூரமிட்டது 'நெரெயிட்' ஒன்றுதான். பீரங்கிகள் கப்பலின் பக்கவாட்டில் வரிசையாக இருப்பதால், நின்ற நிலையில் போரிடும் கப்பல் தன் பக்கத்தை எதிரிக்கு நேராக நிறுத்த நங்கூர வடத்தோடு இன்னொரு கயிற்றையும் கட்டி இழுத்துப் பிடித்திருக்கும். அந்தக் கயிறு குண்டு பட்டு அறுந்ததும் 'நெரெயிட்' திரும்பி, பீரங்கி குறைந்த தன் பின்புறத்தைப் பகைவருக்குக் காட்டியது. அதன்பின் வந்த குண்டுகள் கப்பலின் நீளம் முழுவதையும் துளைத்துச் சென்றன. மாண்டோரும் காயமுற்றோரும் இருநூறுக்கு மேல். 'இஃபிஜீனியா' இறுதியில் சரணடைந்தது. பாரிஸ் வெற்றி வளைவில் பொறிக்கப்பட்டிருக்கும் ஒரே கடற்போர் வெற்றி இதுதான். காயமுற்ற துப்பெரே, கண்ணை இழந்த ஆங்கிலத் தளபதி வில்லோபி ஆகிய இருவருக்கும் மருத்துவம் நடந்தது நீங்கள் பார்த்துவந்த, இன்று அருங்காட்சியகமாக இருக்கும் அதே மாளிகையில்தான். பீரங்கிகளைவிட இதையே பிள்ளைகளுக்கு முதலில் சொல்லியிருக்க வேண்டும் என்பது என் கருத்து.

ஆயினும் பிரெஞ்சுத் தீவுக்கு உதவிப்படை வரவில்லை. ஆங்கிலேயருக்கோ இந்தியாவிலிருந்து வந்துகொண்டிருந்தது. இம்முறை அவர்கள் கரையோரத்தை முன்கூட்டியே ஆழம் பார்த்து, கிரான்போரை விட்டுவிட்டு, நவம்பர் 29 அன்று வடமுனையில் காப் மல்யுரே அருகே தரையிறங்கினர். டிசம்பர் 3இல் ஆளுநர் தெக்கான் தீவை ஒப்படைத்தார்.

கேள்வி: இந்தப் போர்களில் தமிழ்நாட்டுக்குத் தொடர்பு உண்டா?
(ஒரு வாசகர், போ பாசன்)

பதில்: நிறையவே உண்டு. மாயேபூருக்குப் பெயர் தந்த மாஹே தெ லபூர்தொனே, இத்தீவிலிருந்து புறப்பட்ட கப்பற்படையோடு சென்றுதான் 1746 செப்டம்பரில் சென்னைப் பட்டணத்தைக் கைப்பற்றினார். 1810இலோ திசை மாறியது. அதே சென்னையிலிருந்து கப்பலேறிய படைகள் இத்தீவைப் பிடிக்க வந்தன, அவற்றில் சென்னைச் சிப்பாய்களும் இருந்தார்கள். ஒப்பந்தக் கூலிகளின் வருகைக்கு முந்தைய இந்தத் தொடர்பை நம் பிள்ளைகள் கட்டாயம் அறிந்திருக்க வேண்டும்.