அமெரிக்க அதிபர் லிண்டன் ஜான்சனை நல்லவர் என்பதா, போர் வெறியர் என்பதா?

கேட்டவர் மாணவர் என்றும், கட்டுரை ஒன்றுக்காக ஒரு வரித் தீர்ப்பைத் தேடுகிறார் என்றும் ஊகிக்கிறேன். என்னிடம் அப்படியொரு வரி இல்லை. நான் டெக்சாஸில் குடியிருப்பதற்கே ஜான்சன் கையெழுத்திட்ட சட்டம்தான் காரணம் என்பதால், என்னை நடுநிலையாளர் என்றும் யாரும் எண்ண வேண்டாம்.

அதற்கு முன்பு இந்தியர்களுக்கான குடியேற்ற ஒதுக்கீடு ஆண்டுக்கு வெறும் 100. 1965 அக்டோபர் 3 அன்று சுதந்திர தேவி சிலையின் அடியில் அவர் கையெழுத்திட்ட சட்டம் அந்த ஒதுக்கீட்டு முறைக்கு முடிவுகட்டியது. இது ஒன்றும் புரட்சிகரமான சட்டம் அல்ல என்று அன்று அவரே சொன்னதுதான் வேடிக்கை. ஆனால் அதே சட்டம் ஒரு நாட்டுக்கு ஆண்டுக்கு 20,000 பேர் என்று ஓர் உச்சவரம்பையும் வைத்தது. அதன் வழிவந்த விதியால்தான் கிரீன் கார்டுக்காக நான் 11 ஆண்டுகள் காத்துக் கிடந்தேன். இந்தப் புலம்பலைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சில ஆண்டுகளுக்கு முன், ஆஸ்டினில் உள்ள ஜான்சன் நூலகத்துக்குப் பக்கத்து வீட்டுப் பெரியவரை அழைத்துச் சென்றேன். அலபாமாவிலிருந்து வந்த கறுப்பினத்தவர் அவர். கறுப்பினத்தவர் வாக்களிக்க இருந்த தடைகளை நீக்கி ஜான்சன் கையெழுத்திட்ட 1965 வாக்குரிமைச் சட்டம் வந்த பிறகுதான் தம் தந்தை முதன்முதலாக வாக்களித்தார் என்றும், வாக்காளர் அட்டையைக் கடைசிவரை பைபிளுக்குள்ளேயே வைத்திருந்தார் என்றும் வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். வண்டியை நிறுத்தியதும் அவர் இறங்கவில்லை. "நீங்கள் போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள், நான் ரேடியோ கேட்டுக்கொண்டிருக்கிறேன்" என்றார். அவருடைய அண்ணன் 1967இல் வியட்நாமில் இறந்தவர் என்பது திரும்பி வரும்போதுதான் எனக்குத் தெரிந்தது.

அதன்பிறகு, 1964 மே மாதம் ஜான்சன் தம் ஆலோசகர் பண்டியுடன் தொலைபேசியில் பேசிய ஒலிப்பதிவைக் கேட்டேன். வியட்நாம் போர் சண்டையிடும் அளவுக்குத் தகுந்ததென்றும் தோன்றவில்லை, அதைவிட்டு வெளியேறவும் முடியாது என்று களைத்த குரலில் சொல்கிறார். தெரியாமல் செய்திருந்தால் மன்னித்திருப்பேன்.

அது முந்தைய அதிபர் கென்னடி விட்டுச்சென்ற போர் என்று பின்னூட்டம் இட வருவோருக்கு ஒரு சொல்: கென்னடி இறந்தபோது அங்கே இருந்த அமெரிக்கப் படையினர் ஏறத்தாழ 16,000 பேர், அதை 1968இல் 5 லட்சத்துக்கு மேல் கொண்டுபோனவர் ஜான்சன். அவர் திறந்துவிட்ட கதவின் வழியாக வந்தவன் என்பதற்காக அந்தக் கணக்கை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன்.