சட்டம் கேளுங்கள்: குளவி கொட்டி விழுந்தால் யார் பொறுப்பு?

கேள்வி: பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறேன். மூன்று மாதத்துக்கு முன் குளவி கலைந்து கொட்டியது. தப்பி ஓடும்போது கானுக்குள் (வடிகாலுக்குள்) விழுந்து கணுக்கால் எலும்பு முறிந்துவிட்டது. இன்னும் சரியாக ஊன்ற முடியவில்லை. "குளவி கொட்டினா தோட்டம் என்ன செய்யும்?" என்று தோட்டத் துரை (முகாமையாளர்) கேட்கிறார். நட்டஈடு கேட்க வழியுண்டா?

பதில்: தாராளமாக உண்டு அம்மா. 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டத்தில், தோட்டத்தின் மேல் பிழை இருந்ததா என்ற கேள்விக்கே இடமில்லை. வேலை நேரத்தில், வேலையின் காரணமாக விபத்து நடந்தது என்று காட்டினால் போதும். குளவிக்கூடு இருக்கிற மலைக்கு உங்களை அனுப்பியது வேலைதானே?

முதலில் தோட்ட நிர்வாகத்துக்கு எழுத்தில் அறிவியுங்கள். விபத்து நடந்த திகதி, நேரம், மலை நம்பர், பக்கத்து நிரைகளில் பறித்தவர்களின் பெயர்கள் அதில் இருக்க வேண்டும். பிரதி ஒன்றில் ஒப்பம் வாங்குங்கள். நிர்வாகம் கடிதத்தை ஏற்க மறுத்தால் பதிவுத் தபாலில் அனுப்பி, துண்டைப் பத்திரப்படுத்துங்கள். வாயால் சொன்னது பிறகு நிற்காது. பிறகு கொழும்பிலுள்ள தொழிலாளர் நட்டஈட்டு ஆணையாளருக்கு விண்ணப்பியுங்கள். இதற்கு இரண்டு வருடத்தைத் தாண்டவிடக் கூடாது.

பெரும்பாலான கோரிக்கைகள் கெட்டுப்போவது ஆஸ்பத்திரியில்தான். வாட்டில் சேர்க்கும்போது டொக்டர் "என்ன நடந்தது?" என்று கேட்பார். வலியில் "விழுந்திட்டேன்" என்று மட்டும் சொன்னால் வாட் டிக்கட்டிலும் (வாட்டில் உங்களைப் பற்றி எழுதும் பதிவு) அதுவே ஏறும். பிறகு தோட்டத்துச் சட்டத்தரணி, "வீட்டில் விழுந்தவர்" என்று வாதாட அந்த ஒரு சொல் போதும். உங்கள் டயக்னோசிஸ் கார்டை இப்போதே எடுத்துப் பாருங்கள். கொழுந்து மலையில் நடந்தது என்று அதில் இல்லாவிட்டால், தோட்ட டிஸ்பென்சரிப் புத்தகத்தில் அன்றைய பதிவு, பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பிய துண்டு, அன்று உங்களுக்குப் பேர் விழுந்த செக்ரோல் (வேலைக்கு வந்தவர்களின் பதிவேடு) ஆகிய மூன்றும் அந்த ஓட்டையை அடைக்கும். வாட் டிக்கட் ஆஸ்பத்திரியிலேயே இருக்கும் என்பதால், அதன் இலக்கத்தையாவது குறித்து வையுங்கள். குளவிக்கூடு இன்னும் மரத்தில் தொங்கினால் தூரத்திலிருந்து படம் எடுக்கச் சொல்லுங்கள்.

நட்டஈட்டுத் தொகை இரண்டு விடயங்களில் தங்கியிருக்கிறது: உங்கள் மாதச் சம்பளம், உழைக்கும் சக்தியில் எத்தனை வீதம் நிரந்தரமாகப் போய்விட்டது என்ற வைத்திய அறிக்கை. அதனால் விபத்துக்கு முந்தைய மாதங்களின் சம்பளத் துண்டுகளைத் தேடி எடுங்கள். வீதத்தைக் கணிப்பதில் அவசரம் வேண்டாம். கட்டுப் பிரித்த உடனே கணித்தால், பின்னால் மூட்டு இறுகி நடை கோணலாவது கணக்கில் வராமல் போகும். விண்ணப்பத்தை முதலில் போட்டுவிடுங்கள், சிகிச்சை முடிந்த பின் வீதம் வரட்டும். வேலைக்குப் போக முடியாத காலத்துக்குத் தனியாக, அரை மாதத்துக்கு ஒருமுறை கொடுப்பனவு உண்டு. 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தோடு உச்சத் தொகை 20 இலட்சம் ரூபாவாக உயர்ந்திருக்கிறது. வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நடக்கும் விபத்துகளும் அந்தத் திருத்தத்தில் சேர்க்கப்பட்டன.

ஒன்று கவனம்: ஆணையாளரிடம் கேட்டுவிட்டு, அதே காயத்துக்குத் தோட்டத்தின் மேல் மாவட்ட நீதிமன்றத்திலும் வழக்குப் போட முடியாது. ஒரு வழியைத்தான் தேர்ந்தெடுக்கலாம். நீதிமன்றத்தில் தோட்டத்தின் பிழையை நீங்கள் நிரூபிக்க வேண்டிவரும். உங்கள் விடயத்துக்கு ஆணையாளர் வழியே ஏற்றது.

கேள்வி: தலவாக்கலை வீதியில் வேன் மோதி என் தம்பியின் தொடை எலும்பு முறிந்தது. ஒரு வருடம் பத்து மாதமாகிறது. நீதவான் நீதிமன்றத்தில் சாரதி குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டிவிட்டார். இன்சூரன்ஸ்காரர்கள் "பார்க்கிறோம்" என்கிறார்கள். காத்திருக்கலாமா?

பதில்: காத்திருக்கவே வேண்டாம் தம்பி, உங்களிடம் மிஞ்சியிருப்பது இரண்டே மாதம். 1871ஆம் ஆண்டின் காலாவதிச் சட்டத்தின்படி காயத்துக்கான வழக்கை இரண்டு வருடத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். நீதவான் நீதிமன்ற வழக்கு அரசு போட்டது. அந்தத் தண்டப்பணம் அரசுக்குப் போய்விட்டது. அந்த வழக்கு நடந்த காலமும், இன்சூரன்ஸோடு பேசிய காலமும், சட்டத்தரணி கோரிக்கைக் கடிதம் அனுப்பிக் காத்திருக்கும் காலமும் இரண்டு வருடத்திலிருந்து கழிக்கப்படுவதில்லை. "பார்க்கிறோம்" என்றே சொல்லி இழுத்து, இரண்டு வருடம் முடிந்த மறுநாள் கைவிரிப்பார்கள். இதைப் பலர் பட்டுத்தான் அறிகிறார்கள்.

இந்த வாரமே நீதவான் நீதிமன்றப் பதிவாளரிடம் வழக்கேட்டின் சான்றுப்படுத்திய பிரதிகளுக்கு விண்ணப்பியுங்கள். குற்றப்பத்திரம், சம்பவ இட வரைபடம், வாகனப் பரிசோதகர் அறிக்கை, தீர்ப்பு எல்லாம் வேண்டும். பிரதி கிடைக்க நாள் எடுக்கும். அது வரும்வரை வழக்குரையை எழுதாமல் வைத்திருக்க வேண்டாம். சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கை, மருந்துச் சிட்டைகள், கண்டிக்குப் போய்வந்த வாகனக் கூலி, போன சம்பளம் எல்லாவற்றையும் திகதி வரிசையில் அடுக்குங்கள்.

விபத்து நடந்த இடத்துக்குரிய மாவட்ட நீதிமன்றத்தில் சாரதியையும் வாகனத்தின் பதிவுச் சொந்தக்காரரையும் எதிராளிகளாக்குங்கள். ஓடியவர் கூலிக்காரச் சாரதி என்றால், பணம் வரக்கூடியது சொந்தக்காரரிடமிருந்துதான். வழக்குப் போடுவதற்கு முன்பே இன்சூரன்ஸ் கம்பனிக்குப் பதிவுத் தபாலில் வழக்கு அறிவித்தல் அனுப்பிவிட வேண்டும். அனுப்பாமல் விட்டால், தீர்ப்புக் கிடைத்த பிறகும் "எங்களுக்குத் தெரியாது" என்று கம்பனி தப்பிக்க வழி பிறக்கும். அரச திணைக்கள வாகனமாக இருந்தால், வழக்குக்கு ஒரு மாதம் முன்னதாக எழுத்து அறிவித்தல் கொடுக்க வேண்டும். உங்களுடையது அப்படியானால் நாளையே சட்டத்தரணியைப் பாருங்கள்.

பிறகு அழைப்பாணை, எதிராளியின் மறுமொழி, எழுவினாக்கள் (நீதிமன்றம் தீர்க்க வேண்டிய கேள்விகள்), சாட்சி என்று வருடக்கணக்கில் போகலாம். காயப்பட்ட உங்கள் தம்பியும் பார்க்காமல் வீதியைக் கடந்தார் என்று எதிர்த்தரப்பு சொல்லும். அது நிரூபிக்கப்பட்டாலும், 1968ஆம் ஆண்டுச் சட்டப்படி அவருடைய பங்கின் அளவுக்குத் தொகை குறையுமே தவிர வழக்கு தோற்றுப்போகாது. இடையில் சமாதானம் பேச வந்தால் பேசலாம். ஆனால் "முழுமையான இறுதித் தீர்வு" என்ற கடதாசி சிங்களத்திலோ ஆங்கிலத்திலோ வந்தால், தமிழில் வாசித்துக் காட்டாமல் கையொப்பம் வைக்காதீர்கள். காசில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்தில் வருமான விபரத்தோடு விண்ணப்பிக்கலாம்.

கேள்வி: கொழுந்து லொறி புரண்டு என் கணவர் வேலையில் இறந்தார். தோட்டம் கையில் ஒரு தொகை தந்து, "இனி ஒன்றுமில்லை" என்று எழுதி வாங்கியது. (பசறை வாசகி)

பதில்: மரணத்துக்கான நட்டஈட்டைத் தோட்டம் ஆணையாளரிடம்தான் கட்ட வேண்டும். குடும்பத்தின் கையில் நேரே கொடுத்தது நட்டஈடாகக் கணக்கில் சேராது. உரிமையை விட்டுக்கொடுத்ததாக எழுதி வாங்கிய கடதாசியும் செல்லாது. இரண்டு வருடம் முடியுமுன் மரணச் சான்றிதழ், விவாகச் சான்றிதழ், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்களோடு ஆணையாளருக்கு எழுதுங்கள். ஊழியர் சேமலாப நிதியும் பணிக்கொடையும் தனிக் கணக்கு. இந்த நட்டஈட்டைக் காரணம் காட்டி அவற்றைக் கழிக்க விடாதீர்கள்.