வலையை விட்டவர் வீட்டில் உலை வைத்தது யார்?

சென்ற இதழில் இயேசுவின் சீடர் பேதுருவைப் பற்றி இரண்டு வரி எழுதப்போய்க் கடிதங்கள் குவிந்துவிட்டன. சிலவற்றில் கேள்வியைவிடக் கோபம்தான் கூட. நான் குருவானவரும் இல்லை, கன்னியாஸ்திரியும் இல்லை. பள்ளிக்கூடத்தில் கத்தோலிக்க சமயம் படிப்பித்து ஓய்வுபெற்றவள்; கரைவலைத் தண்டயல் (வலைக்குழுத் தலைவர்) ஒருவரின் மகள். என் பதில்களை அந்த அளவில் வைத்து வாசியுங்கள்.

டீச்சர், நானும் கடற்றொழிலாளிதான். இயேசு கூப்பிட்டதும் பேதுரு ஆட்கள் வலையைப் போட்டுவிட்டுப் பின்னால் போனார்கள் என்று பூசையில் வாசிக்கிறார்கள். வீட்டில் மனிசி, பிள்ளைகள் வயிற்றுக்கு என்ன செய்தார்கள்?
— கல்லடி வாசகர்

இதே கேள்வியை எங்கள் அம்மா அப்பாவிடம் கேட்டிருக்கிறா, அதுவும் அவர் இரண்டு நாள் கடற்கரை வாடியிலேயே (மீனவர் கொட்டிலிலேயே) தங்கிவிட்டு வெறுங்கையோடு வந்த ஒரு காலையில். அப்பா பதில் சொல்லவில்லை. நான் சொல்லிப் பார்க்கிறேன்.

மாற்கு முதலாம் அதிகாரம் 20ஆம் வசனத்தைப் பாருங்கள். யாக்கோபும் யோவானும் தகப்பன் செபதேயுவை விட்டுப் போகிறார்கள். செபதேயு தனியே நிற்கவில்லை. படகில் கூலியாட்கள் இருக்கிறார்கள். கூலிக்கு ஆள் பிடித்துத் தொழில் செய்தவர் அன்றாடம் காய்ச்சி இல்லை. லூக்கா ஐந்தாம் அதிகாரத்தில் இந்த இரு மக்களும் சீமோனுக்கு, அதாவது பேதுருவுக்கு, தொழிலில் பங்காளிகள் என்று இருக்கிறது. இரண்டு படகு, பங்குத் தொழில், கூலியாள். மகன்மார் போன மறுநாளும் அந்த வலை தண்ணீரில் இறங்கியிருக்கும். பேதுருவின் படகும் விலைப்படவில்லை. உயிர்ப்புக்குப் பிறகு, "நான் மீன்பிடிக்கப் போகிறேன்" என்று அவர் எழும்ப, மற்றவர்களும் கூடவே ஏறுகிறார்கள் (யோவான் 21). படகும் வலையும் இல்லாமலா?

அதற்காக அவர்களை முதலாளிமார் என்றும் நினைத்துவிடாதீர்கள். 1986ஆம் ஆண்டு வறட்சியில் கலிலேயக் கடல் வற்றியபோது சேற்றுக்குள் ஒரு படகு தெரிந்தது. கண்டவர்கள் அந்தக் கரையில் தொழில் செய்யும் இரண்டு சகோதரர்கள். நீளம் 8.2 மீற்றர், அகலம் 2.3 மீற்றர். இயேசுவின் காலத்தையொட்டியது என்று ஆராய்ந்தவர்கள் சொன்னார்கள். பேதுருவின் படகு என்று சொல்ல ஒரு ஆதாரமும் இல்லை. சொல்லி விற்கிறவர்கள் இருக்கிறார்கள். எனக்குப் பிடித்தது அதன் மரம்தான். பத்துப் பன்னிரண்டு வகை மரத்தில் ஒட்டுப்போட்டிருக்கிறது, அதில் பழைய படகிலிருந்து கழற்றிய பலகையும் உண்டு. புதுப்பலகை வாங்க வழியில்லாமல் கிடைத்ததை எல்லாம் வைத்துத் தைத்து ஓட்டியிருக்கிறான் மனுசன்.

இன்னொன்று, பெயர்தான் கடல். உண்மையில் அது நன்னீர் ஏரி: 21 கிலோமீற்றர் நீளம், அகலம் கூடிய இடத்தில் 13. எங்கள் மட்டக்களப்பு வாவி நீளத்தில் அதைப்போல் இரண்டு மடங்குக்கு மேல். அங்கு பிடிபட்ட முக்கிய மீன்களில் ஒன்று திலாப்பியா இனம். உன்னிச்சைக் குளத்தில் நீங்கள் பிடிக்கிறதன் உறவுக்காரன். கெளிறு பிடிபட்டால் வீசிவிடுவார்கள். செதில் இல்லாத மீன் யூதச் சட்டத்தில் விலக்கு. இழுத்த வலையைக் கரையில் வைத்து, உட்கார்ந்து நல்லது கெட்டது தெரிவு செய்வதாக இயேசு சொன்ன உவமை இருக்கிறதே (மத்தேயு 13), நாவலடியில் அப்பாவின் வாடியடியில் நான் பார்த்த காட்சி அப்படியே அதுதான். 2004 மார்கழிச் சுனாமிக்குப் பிறகு அந்த வாடி இருந்த நிலமே இல்லை.

இனி மனிசி. பேதுருவின் மனைவி பெயர் வேதாகமத்தில் இல்லை, மாமியார்தான் வருகிறா, காய்ச்சலோடு. அதுவும் எந்த வீட்டில்? "சீமோன், அந்திரேயா ஆகியோரின் வீடு" என்கிறார் மாற்கு. அது கப்பர்நாகுமில். யோவானோ பேதுருவின் ஊர் பெத்சாயிதா என்கிறார். மட்டக்களப்பார் யாரும் இதற்கு ஒரே கணக்குத்தான் போடுவார்கள்: பொடியன் பெத்சாயிதா, கட்டினது கப்பர்நாகும், மாமி வீட்டோடு மாப்பிள்ளை! அப்படிக் கருதிய ஆராய்ச்சியாளர்களும் உண்டு. ஆனால் அந்த ஊர் வழக்கம் பெரும்பாலும் பெண் மாப்பிள்ளை வீட்டுக்குப் போவது. கூடப்பிறந்த அந்திரேயாவும் அதே வீட்டில் இருக்கிறான். அதனால் நான் பந்தயம் கட்டமாட்டேன். 1968 முதல் பிரான்சிஸ்கன் துறவிகள் அங்கே தோண்டியபோது, ஐந்தாம் நூற்றாண்டு எண்கோணக் கோயில் ஒன்றின் அடியில் முதலாம் நூற்றாண்டு வீடு ஒன்று கிடைத்தது. கருங்கல் சுவர், சில தூண்டில் முள், பிற்காலத்தில் வந்தவர்கள் சுவரில் கீறிய செபங்கள். பேதுருவின் வீடு என்று மிகப் பழைய காலத்திலேயே நம்பியிருக்கிறார்கள்.

அந்த வீட்டைப் பேதுரு கைவிடவில்லை. இயேசுவே அதற்குத்தான் திரும்பத் திரும்ப வருகிறார். பிற்காலத்தில் பேதுரு மனைவியையும் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போனதற்குச் சாட்சி பவுல்: "கேபாவைப் போல்" எங்களுக்கும் மனைவியை அழைத்துச் செல்ல உரிமை இல்லையா என்று கொரிந்தியருக்கு எழுதுகிறார் (1 கொரிந்தியர் 9:5). கேபா என்றால் பேதுருதான். ஆகவே தம்பி, உலை வைத்தது மாமியும் மனைவியும். மீன் கொண்டுவந்தது பங்காளியும் கூலியாளும். பிரசங்கத்தில் இவர்களுக்கு இடம் கிடைப்பதில்லை.

வரி தண்டிய மத்தேயுவும் தீவிரவாதி சீமோனும் ஒரே குழுவில் எப்படி இருந்தார்கள்?
— செங்கலடி வாசகர்

கப்பர்நாகும் எல்லை ஊர். ஏரோது அந்திப்பாவின் ஆட்சி அங்கே முடிய, கொஞ்சத் தூரத்தில் அவன் சகோதரன் பிலிப்புவின் ஆட்சி தொடங்கும். அதனால் சுங்கச்சாவடி. பொருளோடு போகிறவன் இறக்கிக் காட்டிக் காசு கட்டவேண்டும். போர்க்காலத்தில் ஒரே பயணத்தில் இரண்டு தரப்புக்கும் பதில் சொல்லி, இரண்டு இடத்தில் மூட்டை அவிழ்த்த தலைமுறை நாங்கள். சாவடியில் இருந்த மத்தேயுவை மற்றவர்கள் எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று உங்களுக்கு நான் படிப்பிக்கத் தேவையில்லை.

இந்தச் சீமோன் (பேதுரு இல்லை, வேறொருவர்) விடயத்தில் ஒரு அவதானம். ஆயுதம் தூக்கிய "தீவிரவாதிகள்" ஒரு கட்சியாகப் பெயர் எடுத்தது 66ஆம் ஆண்டு உரோமுக்கு எதிராகத் தொடங்கிய போரில்தான். இயேசுவின் காலத்தில் அந்தப் பட்டம், திருச்சட்டத்தில் மிகுந்த பற்றுக்கொண்டவன் என்ற அளவிலும் இருந்திருக்கலாம். எப்படியிருந்தாலும் இருவரும் சாப்பாட்டுக்கு உட்காரும்போது ஒருவர் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்திருக்கமாட்டார்கள் என்பது என் எண்ணம். நற்செய்தியாளர் நால்வரும் அதைப்பற்றி மூச்சுவிடவில்லை.

புதிய ஏற்பாட்டின் நான்கு பட்டியலிலும் திருத்தூதர் பன்னிருவர் பெயர் ஒத்துவரவில்லையே, பரீட்சைக்கு எதை எழுதுவது?
— தாண்டவன்வெளி மாணவி

மகள், பதினொரு பெயரில் சிக்கல் இல்லை. மத்தேயுவும் மாற்கும் ததேயு என்கிற இடத்தில் லூக்கா, தன் நற்செய்தியிலும் திருத்தூதர் பணிகளிலும், யாக்கோபின் மகன் யூதா என்கிறார். இருவரும் ஒருவரே என்று கொண்டுதான் யூதா ததேயு என்கிறோம். யோவானில் மட்டும் வரும் நத்தனியேலைப் பர்த்தலமேயு என்று சொல்வது மரபு. பன்னிருவரில் இரண்டு சீமோன், இரண்டு யாக்கோபு, காட்டிக்கொடுத்த யூதாசையும் சேர்த்து இரண்டு யூதா. அந்தக் காலத்தில் அங்கே வீதியில் நின்று "சீமோன்" என்று கூப்பிட்டால் பாதிப்பேர் திரும்பிப் பார்த்திருப்பார்கள். பரீட்சையில் மாற்கு 3ஐ எழுதுங்கள்.

மகதலா மரியாவைப் பெரிய வெள்ளி நாடகத்தில் விலைமாதாகக் காட்டினார்கள். என் மகள் அந்த வேடத்துக்கு மறுத்துவிட்டாள். அவள் சரியா? பெண்கள் சீடர்கள்தானா?
— கல்முனை வாசகி

உங்கள் மகள் சரி. நாடகம் எழுதியவர் பிழை, ஆனால் அவர் தனியாள் இல்லை. அவருக்குப் பின்னால் ஒரு பாப்பரசர் நிற்கிறார். 591இல் முதலாம் கிரகோரி ஒரு மறையுரையில், லூக்கா ஏழாம் அதிகாரத்துப் பெயரில்லாப் பாவியையும் பெத்தானியா மரியாவையும் மகதலா மரியாவையும் ஒரே ஆளாக்கிவிட்டார். மேற்கில் அது அப்படியே நின்றது. கீழைத் திருச்சபைகள் அதை ஏற்கவில்லை. 1969இல் உரோம வழிபாட்டு நாட்காட்டியைத் திருத்தியபோது பாவி என்ற அடையாளம் போனது. 2016இல் பாப்பரசர் பிரான்சிஸ் ஜூலை 22ஆம் திகதி நினைவு நாளைத் திருத்தூதர்களுக்கு உள்ளதுபோல் விழாவாக உயர்த்தினார். நாடகக்காரருக்கு இது இன்னும் போய்ச்சேரவில்லை.

நற்செய்தி நூலில் இருப்பது என்ன? அவளிடமிருந்து ஏழு பேய்கள் நீங்கின, இயேசுவோடு ஊர் ஊராகப் போனாள், சிலுவையடியில் நின்றாள், கல்லறைக்கு முதலில் போனாள். கடைசிச் செய்தியில் நால்வரும் ஒத்துப்போகிறார்கள். அவளுடைய ஊர் மகதலா கலிலேயக் கரையில், மீனுக்கு உப்புப் போடுவதில் பேர்போன இடம் என்று கருதப்படுகிறது. கருவாட்டு ஊர்க்காரி. 2009இல் அங்கே முதலாம் நூற்றாண்டுத் தொழுகைக்கூடம் ஒன்றைத் தோண்டி எடுத்திருக்கிறார்கள்.

லூக்கா எட்டாம் அதிகாரத்தின் முதல் மூன்று வசனத்தை உங்கள் மகளோடு இருந்து வாசியுங்கள். மரியா, ஏரோதின் மாளிகை அதிகாரி கூசாவின் மனைவி யோவன்னா, சூசன்னா, இன்னும் பலர். தங்கள் உடைமையிலிருந்து செலவு செய்தார்களாம். பணப்பை யூதாசிடம் இருந்தது, அது எல்லோருக்கும் தெரியும். அந்தப் பைக்குள் காசு எங்கிருந்து வந்தது என்று கேட்டால் இந்த மூன்று வசனம்தான் பதில். அதிலும் யோவன்னா! அவளுடைய கணவன் சம்பளம் வாங்கியது, திருமுழுக்கு யோவானின் தலையை வெட்டச் சொன்ன ஏரோதிடம். வீட்டில் என்ன சொல்லிவிட்டு வெளிக்கிட்டாளோ.

சீடர் என்ற பட்டமே கேட்டீர்கள். யோப்பா ஊர்த் தபித்தாவுக்குத் திருத்தூதர் பணிகள் 9 அதைக் கொடுக்கிறது. தையல்காரி. அவள் இறந்தபோது கைம்பெண்கள் அழுதுகொண்டு, அவள் தைத்துத் தந்த உடுப்புகளைப் பேதுருவிடம் தூக்கிக் காட்டினார்கள். பிலிப்பியில் திருச்சபை தொடங்கியது செந்நிறத் துணி விற்ற லீதியாவின் வீட்டில். எருசலேமில் கூடியது மாற்கு எனப்பட்ட யோவானின் தாய் மரியாவின் வீட்டில். சிறையிலிருந்து தப்பிய பேதுரு அந்தக் கதவைத்தான் தட்டினார். ரோதை என்ற பணிப்பெண் குரலைக் கேட்ட சந்தோசத்தில் கதவைத் திறக்காமலே உள்ளே ஓட, பேதுரு இருட்டில் நின்று தட்டிக்கொண்டே இருந்தார். அடுத்த முறை இதை நாடகமாகப் போடச் சொல்லுங்கள், சனம் சிரிக்கும்.

எங்கள் வேதத்திலும் ஈஸா நபியின் தோழர்கள் வருகிறார்கள். அவர்களும் இவர்களும் ஒன்றா?
— காத்தான்குடி வாசகர்

ஆம், ஈஸா நபி என்பது இயேசுதான்; நீங்கள் ஹவாரிய்யூன் என்று சொல்வது இவருடைய சீடர்களைத்தான். அல்குர்ஆனில் பெயரும் இல்லை, எத்தனை பேர் என்ற கணக்கும் இல்லை. "அல்லாஹ்வின் உதவியாளர்கள் நாங்கள்" என்று அவர்கள் சொல்வதும், வானத்திலிருந்து உணவுத்தட்டு கேட்பதும் உண்டு. அது வரும் ஐந்தாம் அத்தியாயத்துக்கே அல்மாயிதா (உணவுத்தட்டு) என்று பெயர். உங்கள் கையெழுத்து என் பழைய மாணவன் ஒருவனுடையதுபோல் இருக்கிறது. அவர்தான் என்றால் அடுத்த கடிதத்தில் சொல்லவும்.

திருத்தூதர் புனித தோமையார் இலங்கைக்கும் வந்தார் என்கிறார்களே?
— திருக்கோவில் வாசகர்

கேரளத்து மரபு அவர் 52இல் அங்கே இறங்கினார் என்கிறது. 72இல் மயிலாப்பூரில் கொல்லப்பட்டார் என்பதும் மரபு. எழுத்தில் நமக்குக் கிடைப்பது சிரிய மொழியில் மூன்றாம் நூற்றாண்டில் எழுந்த 'தோமாவின் பணிகள்'. அதில் வரும் கொந்தபோரஸ் அரசனைக் கட்டுக்கதை என்று நினைத்திருந்தார்கள், அவனுடைய நாணயங்கள் கிடைக்கும்வரை. ஆனால் அவன் ஆண்டது வடமேற்கில். எல்லாம் கூட்டிப் பார்த்தால் இந்தியா வந்தார் என்பதை நான் தள்ளமாட்டேன். இலங்கைக்கு நீட்டுவதற்குத்தான் கயிறு போதாது. ஆறாம் நூற்றாண்டில் கொஸ்மாஸ் என்ற வணிகர் இங்கே பாரசீகக் கிறிஸ்தவர்களுக்கு ஒரு திருச்சபை இருந்ததாக எழுதுகிறார். 1912இல் அனுராதபுரத்தில் கிடைத்த கற்சிலுவையைப் பலரும் அவர்களோடு சேர்த்துத்தான் பேசுகிறார்கள். அவர்கள் வணிகத்துக்கு வந்தவர்கள்.

மறைக்கல்விப் பிள்ளைகளை வைத்துப் பன்னிரு திருத்தூதர் ஊர்வலம் செய்கிறோம். ஒவ்வொருவரும் எப்படி மரித்தார் என்று பார்த்து அந்த ஆயுதத்தைக் கையில் கொடுக்க விருப்பம்.
— வாழைச்சேனை ஆசிரியை

யூதாசை விட்டால், பன்னிருவரில் ஒருவருடைய மரணம் மட்டும்தான் புதிய ஏற்பாட்டில் நேராக எழுதப்பட்டிருக்கிறது: செபதேயுவின் மகன் யாக்கோபு. முதலாம் ஏரோது அகிரிப்பா அவரை வாளால் கொன்றான் (திருத்தூதர் பணிகள் 12:2). அவன் 44இல் செத்தான், ஆகவே அதற்கு முன்பு. பேதுருவின் சாவு யோவான் 21இல் சாடையாக இருக்கிறது. நீரோ காலத்தில் உரோமையில் என்பது மிகப் பழைய மரபு, தலைகீழாக என்பது அதற்குப் பிந்தியது. அந்திரேயாவின் குறுக்குச் சிலுவை, பர்த்தலமேயுவின் கத்தி, சீமோனின் அரம்பம் எல்லாம் ஓவியர்களும் சிற்பிகளும் ஆளை அடையாளம் காட்டப் பிடித்துக்கொண்டவை. யோவான் எபேசில் முதிர்ந்த வயதில் கண்மூடினார் என்பார்கள், ஆயுதமே வேண்டாம். ஸ்தேவானையும் சேர்க்க நினைத்தால் பொறுங்கள்: முதல் மறைசாட்சி அவர்தான், ஆனால் பன்னிருவரில் இல்லை, கைம்பெண்களுக்கு உணவு பங்கிடத் தெரிவான எழுவரில் ஒருவர்.

சின்னப் பிள்ளைகள் கையில் இத்தனை கத்தியும் அரம்பமும் தேவையா, ஆசிரியை? அந்திரேயாவுக்கு ஒரு துண்டு வலை, மத்தேயுவுக்குக் கணக்குக் கொப்பி, பேதுருவுக்குத் திறப்பு (சாவி). யாக்கோபுக்கு மட்டும் வாள் கொடுங்கள். மட்டையில் வெட்டி வெள்ளித்தாள் ஒட்டினால் காணும்.