முதுகும் நடிக்க வேண்டிய மேடை

அன்புள்ள ஐயா,

சென்ற வாரம் மகளுடன் உட்கார்ந்து ‘சவுண்ட் ஆஃப் மியூசிக்’ பார்த்தேன். பள்ளி நாட்களில் பார்த்த படம். இந்த முறை கேப்டனாக வருபவர் மேல்தான் கண் போனது. கிறிஸ்டோபர் பிளம்மர், கனடாக்காரர் என்று தேடித் தெரிந்துகொண்டேன். படம் வந்தது 1965இல். அவருக்கு ஆஸ்கர் கிடைத்ததோ 2012இல், 82 வயதில். நடுவில் 47 வருடங்கள்! இன்றும் அவர் பெயரைச் சொன்னால் அந்த ஒரு படம்தான் எல்லோருக்கும் நினைவுக்கு வருகிறது. இப்படி ஒரு நடிகரைக் காக்க வைத்துவிட்டார்களே என்று வருத்தமாக இருந்தது. சினிமா பக்கமே வராமல் கனடாவில் நாடகம் மட்டும் நடித்திருந்தால் அவருக்கு நல்லதாக இருந்திருக்குமோ?

அன்புடன்,
ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் நீங்கள் கணக்கை 1965இல் தொடங்குகிறீர்கள். நான் 1956இல் தொடங்குவேன்.

ஒன்டாரியோ மாகாணத்தில் ஸ்ட்ராட்ஃபோர்ட் என்று ஒரு சிறிய ஊர். ரயில் எஞ்சின்களைப் பழுதுபார்க்கும் பணிமனையை நம்பிப் பிழைத்த ஊர். நீராவி எஞ்சின்களின் காலம் முடியப்போகிறது என்று தெரிந்தபோது, ஊருக்கு அடுத்த பிழைப்பு என்ன என்ற கவலை வந்தது. அந்த ஊரிலேயே பிறந்த பத்திரிகையாளர் டாம் பேட்டர்சனுக்கு ஒரு யோசனை. ஷேக்ஸ்பியர் பிறந்த ஊரின் பெயர்தானே நமக்கும், இங்கே ஒரு நாடக விழா நடத்தினால் என்ன? இங்கிலாந்திலிருந்து நாடக இயக்குநர் டைரோன் கத்ரியை வரவழைத்தார்கள். 1953 கோடையில், ஒரு பெரிய கூடாரத்துக்குள் விழா தொடங்கியது.

அந்த மேடையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். டான்யா மொய்செவிச் என்ற பெண் வடிவமைத்தது. திரை தூக்கினால் எதிரே தெரிகிற பெட்டி மேடை அல்ல. பார்வையாளர்களுக்கு நடுவே நீண்டு கிடக்கும் மேடை, மூன்று பக்கமும் ஆட்கள். 1957இல் கூடாரம் போய் நிரந்தரக் கட்டடம் வந்தது. 1,800 பேருக்கு மேல் உட்காரலாம், ஆனால் கடைசி இருக்கையிலிருந்துகூட மேடை சுமார் 20 மீட்டர்தான். அங்கே நடிகர் எந்தப் பக்கம் திரும்பினாலும் யாரோ சிலருக்கு முதுகைக் காட்டித்தான் ஆக வேண்டும். அந்தச் சிலருக்கு முகம் தெரியாது. தோள் தெரியும், கழுத்து தெரியும், நிற்கும் விதம் தெரியும். குரல் மூன்று பக்கமும் போய்ச் சேர வேண்டும். ஒரே இடத்தில் வேர்விட்டு நின்றால் பாதிப் பேருக்கு நாடகம் இல்லை. அங்கே பழகிய நடிகருக்கு உடம்பு முழுக்க முகமாகிவிடுகிறது. பிளம்மரைப் புரிந்துகொள்ள இதுதான் வாசல் என்று நினைக்கிறேன்.

அவர் அங்கே வந்தது 1956இல், ஷேக்ஸ்பியரின் ‘ஐந்தாம் ஹென்றி’யாக. வயது 26. இயக்குநர் மைக்கேல் லாங்கம் ஒரு காரியம் செய்தார். இங்கிலாந்து மன்னர் பிரான்ஸ் மீது படையெடுக்கும் நாடகம் அது. பிரெஞ்சு அரசவைப் பாத்திரங்களுக்கு மாண்ட்ரியாலின் பிரெஞ்சு நாடகக் குழுவிலிருந்தே நடிகர்களை அழைத்து வந்தார். ஆங்கிலமும் பிரெஞ்சும் முகத்தைத் திருப்பிக்கொண்டு வாழ்ந்த நாட்டில், இரண்டு மொழிக்காரர்களும் ஒரே மேடையில் எதிரெதிரே நின்றார்கள். பார்வையாளர்களுக்கு அது ஏதோ பழைய ஐரோப்பியச் சண்டையாகத் தெரிந்திருக்காது. கடைசியில் ஹென்றி பிரெஞ்சு இளவரசியிடம் தட்டுத்தடுமாறிப் பிரெஞ்சில் காதல் சொல்வார். பிளம்மர் பிறந்தது டொராண்டோவில் என்றாலும் வளர்ந்தது மாண்ட்ரியால் பக்கத்தில். பிரெஞ்சு அவருக்குச் சரளம். நன்றாகத் தெரிந்த மொழியைத் தெரியாதவராக நின்று உளறிக் காட்டினார்.

அந்தப் பருவத்தில்தான் சிறுநீரகக் கல் வலியில் அவர் மருத்துவமனையில் படுத்தார். முறையான ஒத்திகைகூட இல்லாமல் மாற்று நடிகரை மேடையேற்றினார்கள். அவர் வில்லியம் ஷாட்னர், பின்னாளில் ‘ஸ்டார் ட்ரெக்’ நாயகன். பிளம்மர் நின்று பேசிய இடத்தில் அவர் உட்கார்ந்து பேசினார், எல்லாவற்றையும் தலைகீழாகச் செய்தார். இதைக் கேள்விப்பட்டபோதே, இவன் நட்சத்திரமாகிவிடுவான் என்று தனக்குத் தெரிந்துவிட்டதாகப் பிளம்மர் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். தன் பாத்திரத்தை இன்னொருவர் எடுத்தபோது வந்த வயிற்றெரிச்சலும், அதை மீறிய தொழில் மரியாதையும் அதில் சேர்ந்தே இருக்கின்றன. எனக்கு மிகவும் பிடித்த செய்தி இது.

அடுத்த வருடம் புதிய கட்டடம் திறந்தபோது ஹாம்லெட்டாக நின்றவரும் பிளம்மர்தான். பிறகு லண்டன், நியூயார்க். 1974இல் ‘சிரானோ’வுக்காக அமெரிக்க நாடக உலகின் டோனி விருது, 1997இல் ‘பாரிமோர்’ நாடகத்துக்காக மறுபடியும். காக்க வைக்கப்பட்டவர் என்று இவரை எப்படிச் சொல்வது? தன் இடத்தில் அவர் 26 வயதிலேயே நாயகன். ஹாலிவுட்டுக்கு அந்த இடம் கண்ணில் படவில்லை, அவ்வளவுதான்.

இப்போது நீங்கள் பார்த்த படத்துக்கு வருகிறேன். பல வருடங்கள் அதன் பெயரையே சொல்ல மறுத்தவர் அவர். இனிப்பு அதிகம் என்பது அவர் குறை. படப்பிடிப்புக் காலத்தில் சால்ஸ்பர்க் ஹோட்டல் மதுக்கூடத்தில் பியானோ வாசித்துக்கொண்டு இரவுகளைக் கழித்தார். படத்தில் அவர் பாடும் குரலும் அவருடையதல்ல, பில் லீ என்ற பாடகருடையது. ஆனால் விழா மேடையில் ‘ஈடல்வைஸ்’ பாடும் இடத்தை மகளோடு இன்னொரு முறை பாருங்கள். தன் நாட்டை விட்டுப் போகப்போகும் மனிதர், கடைசி முறையாகத் தன் மக்கள் முன் நிற்கிறார். பாதிப் பாட்டில் தொண்டை அடைக்கிறது, நின்றுவிடுகிறார். மனைவி மரியா வந்து சேர்ந்துகொள்கிறாள். அந்த மௌனத்தில் பில் லீ இல்லை. விறைப்பாகவே நின்று பழகிய உடம்பு, அழக்கூடாது என்று தன்னைப் பிடித்துக்கொள்வது மட்டும்தான் இருக்கிறது. அதை இரவல் வாங்க முடியாது.

நாடகத்திலேயே இருந்திருந்தால் என்ற உங்கள் கேள்விக்கு ஊகம் தேவையில்லை. அப்படி இருந்த ஒருவர் உண்டு, வில்லியம் ஹட். இரண்டாம் உலகப் போரில் மருத்துவப் படையில் பணியாற்றி வீரப் பதக்கம் பெற்றவர். 1953இல் அந்தக் கூடாரத்தின் முதல் குழுவிலேயே இருந்தார். மொத்தம் 39 பருவங்கள் ஸ்ட்ராட்ஃபோர்டில் நடித்தார். அந்த ஊரில் ஒரு பாலத்துக்கே அவர் பெயர். ஆனால் கனடாவைத் தாண்டினால் அவரை அறிந்தவர்கள் குறைவு. 2006இல், தன் 80களின் நடுவில், ‘ஸ்லிங்ஸ் அண்ட் ஆரோஸ்’ தொலைக்காட்சித் தொடரில், சாவதற்குள் லியர் மன்னனாக ஒருமுறை நடித்துவிட வேண்டும் என்று துடிக்கும் கிழட்டு நடிகராக வந்தார். அடுத்த வருடம் காலமானார். அந்தத் தொடர் இல்லையென்றால் நான் அவர் நடிப்பைப் பார்த்திருக்கவே மாட்டேன். எனவே பிளம்மர் சினிமாவுக்குப் போகாமல் இருந்திருக்கலாம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மேடை நடிப்பு அன்றிரவே கரைந்துவிடுகிறது. தொலைவில் பிறந்த நமக்குக் கேமரா வழியாகத்தான் ஏதாவது வந்து சேர்கிறது.

அவர் சினிமாவில் சறுக்கல்கள் உண்டு. சம்பளத்துக்காக ஒப்புக்கொண்ட படங்கள் பல. ஆனால் 2017இல் நடந்ததைப் பாருங்கள். இயக்குநர் ரிட்லி ஸ்காட் எடுத்து முடித்திருந்த ஒரு படத்தில், முக்கிய நடிகர் மீது புகார்கள் எழுந்ததால் அவர் காட்சிகளை நீக்கினார்கள். கிறிஸ்துமஸுக்குப் படம் வெளியாக வேண்டும். நவம்பரில் பிளம்மரைக் கூப்பிட்டார்கள். 88 வயதுக்கு இன்னும் சில வாரங்களே பாக்கி. ஒன்பது நாட்களில் அத்தனை காட்சிகளும் முடிந்தன. அதற்கு ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. அதுவரை நடிப்புக்காகப் பரிந்துரைக்கப்பட்டவர்களில் அவர்தான் மிக மூத்தவர். எல்லோரும் வயதைப் பார்த்து வியந்தார்கள். எனக்கு அவருடைய ஒட்டாவா நாட்கள் நினைவுக்கு வந்தன. இளமையில் அங்கே ஒரு நாடகக் குழுவில் இருந்தார். இரவில் ஒரு நாடகத்தில் நடிக்க வேண்டும், பகலில் அடுத்ததை மனப்பாடம் செய்ய வேண்டும். அந்தப் பழக்கம்தான் 60 வருடம் கழித்துப் படப்பிடிப்புத் தளத்தில் கைகொடுத்தது என்று நம்புகிறேன்.

2012 பிப்ரவரியில் ‘பிகினர்ஸ்’ படத்துக்காக ஆஸ்கர் வாங்கியபோது, ‘என்னைவிட உனக்கு இரண்டு வயதுதான் அதிகம், இத்தனை நாள் எங்கே இருந்தாய்?’ என்று சிலையைப் பார்த்துக் கேட்டார். அதே வருடக் கோடையில் ஸ்ட்ராட்ஃபோர்ட் திரும்பினார். தான் நேசித்த கவிதைகளையும் எழுத்தையும் பற்றித் தனி ஆளாக மேடையில் நின்று பேசி நடித்தார்.

2010இல் அதே ஊரில் ஷேக்ஸ்பியரின் ‘டெம்பெஸ்ட்’ நாடகத்தில் மந்திரவாதி பிராஸ்பெரோவாக அவர் நடித்ததைப் படமாக்கியிருக்கிறார்கள். 2005இல் ஹட் விடைபெற்றதும் அதே பாத்திரத்தில்தான். தேடிப்பிடித்துப் பாருங்கள். முடிவில், மந்திரம் எல்லாவற்றையும் துறந்துவிட்ட கிழவர் தனியாக நின்று, உங்கள் கைதட்டலால் என்னை விடுவியுங்கள் என்று கேட்பார். அந்த இடம் வரும்போது மகள் பக்கத்தில் இருக்கட்டும்.

அன்புடன்.