புரூகலின் வேடர்கள் நடக்கிறார்களா?

அன்புள்ள ஐயா,

ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமியின் ‘24 ஃப்ரேம்ஸ்’ படத்தை முதல் பகுதியோடு நிறுத்திவிட்டேன். பதினாறாம் நூற்றாண்டு ஃபிளெமிய ஓவியர் புரூகலின் ‘பனியில் வேடர்கள்’ ஓவியத்தில் புகையையும் பனியையும் காகங்களையும் சேர்த்து என்ன கண்டார்? ஏற்கெனவே நிறைவடைந்த ஓவியத்தைக் கணினியால் அசைப்பது எப்படிக் கலையாகும்?

க.

அன்புள்ள க.,

அந்த ஓவியத்துக்கு இப்படம் எதையும் கூட்டவில்லை என்றே நானும் கருதுகிறேன். ஆனால் அதை நாம் பார்க்கும் விதத்தைப் பற்றி வேறெந்தப் படமும் எனக்குச் சொல்லாத ஒன்றை இது சொல்லியது.

1565இல் வரையப்பட்டு இன்று வியன்னாவில் இருக்கும் அந்த ஓவியத்தின் முன் நம் கண் சும்மா இருப்பதில்லை. வேடர்களின் முதுகில் தொடங்கி, மரவரிசையோடு சரிவில் இறங்கி, உறைந்த குளத்தில் சறுக்கி விளையாடுபவர்களிடம் சற்றுத் தங்கி, தொலைவின் மலைகளைத் தொட்டுவிட்டு, ஒற்றைக் கொக்கியில் தொங்கும் விடுதிப் பலகைக்குத் திரும்புகிறது. எங்கே எவ்வளவு நேரம் நிற்பது என்பது நம் விருப்பம். ரஷ்ய அறிவியலாளர் யார்பஸ், ரஷ்ய ஓவியர் ரேப்பினின் ஓவியம் ஒன்றைக் காட்டி, பார்ப்பவரிடம் கேட்கும் கேள்வியை மாற்றினால் கண் செல்லும் பாதையும் மாறுவதைப் பதிவுசெய்து காட்டினார்.

கியாரோஸ்தமி இந்தச் சுதந்திரத்தைத்தான் பறிக்கிறார். புகைபோக்கியிலிருந்து புகை எழுந்ததும் கண் அங்கே கட்டுண்டுவிடுகிறது; நாய் நகர்ந்தால் நாயின் பின்னால் போகிறது. வேடர்களோ கடைசிவரை அசைவதே இல்லை. ஓவியத்தில் அவர்கள் களைப்போடு பனியில் கால் புதைய நடந்துகொண்டிருந்தார்கள். படத்தில், உண்மையாகவே நகரும் ஒரு நாய் அருகில் வந்ததும், அவர்கள் உறைந்துபோகிறார்கள். அப்படியானால் இதுவரை அவர்களை நடக்கவைத்தது யார்? புரூகல் தந்தது சற்றே முன்சாய்ந்த உடல்களையும் பனியில் பதிந்த தடங்களையும் மட்டுமே. நடையை முழுமையாக்கியது நம் கண். நம்மை அறியாமலே நாம் செய்துவந்த அந்த வேலையை, இந்தப் பகுதி நான்கரை நிமிடத்தில் நமக்குக் காட்டிக்கொடுத்துவிடுகிறது.

ஓவியங்களைக் கொண்டே படத்தைத் தொடங்கிய அவர், பிறகு தாம் எடுத்த புகைப்படங்களுக்கு மாறினார். ஓவியங்களில் புரூகலுடையது மட்டும் எஞ்சியது. புகைப்படப் பகுதிகளில் சில எனக்கும் நீளமாகத் தோன்றின. 2016இல் அவர் மறைந்தபின் மகன் அகமது நிறைவுசெய்த படம் இது, 2017இல் கான் விழாவில் திரையிடப்பட்டது.

புரூகலின் இன்னோர் ஓவியத்துக்குள் நடிகர்களை உலவவிட்ட போலந்து இயக்குநர் மயெவ்ஸ்கியின் 2011ஆம் ஆண்டுப் படமான ‘தி மில் அண்ட் தி கிராஸ்’ஐயும் நீங்கள் பார்க்கலாம். அழகான படம்; ஆனால் அங்கே ஓவியம் கதையாக விரித்துச் சொல்லப்படுகிறது, பார்வையைப் பற்றிய இந்தக் கேள்வி எழுவதில்லை. ஆகவே முதலில் அசையாத ஓவியத்தை நான்கரை நிமிடம் பார்த்துவிட்டு, உடனே கியாரோஸ்தமியின் முதல் பகுதியை மீண்டும் பாருங்கள். இம்முறை நாயை விட்டுவிட்டு வேடர்களையே கவனிக்க முயலுங்கள்.